நாம் உட்கார்ந்த டிக்கி

அக்கா,

இன்று காலை உன் சக்கர நாற்காலி வீட்டை விட்டுப் போனது. திருவான்மியூரில் ஒரு முதியோர் இல்லத்தில் கேட்டிருந்தார்கள். நானே கொண்டுபோய்க் கொடுத்துவிட்டு வரலாம் என்று டாக்சி பிடித்தேன். ஓட்டுநர் நாற்காலியைச் சுற்றிச் சுற்றிப் பார்த்தார்.

"இன்னாமா, மடங்குமா இது? மடங்குனா டிக்கில போட்றலாம். உள்ள கேஸ் சிலிண்டர் கீது, பாதி எடம்தான்."

மடக்கிக் கொடுத்தேன். அவர் டிக்கியில் படுக்கவைத்து மூடினார். எனக்குச் சிரிப்பு வந்துவிட்டது. இந்தக் கிழவி எதற்குச் சிரிக்கிறாள் என்று அந்த மனிதர் கண்ணாடியில் இரண்டு தடவை பார்த்தார். நாம் உட்கார்ந்த இடத்தில் உன் நாற்காலி உட்கார்ந்து போகிறது. நீ இருந்திருந்தால் இதைச் சொல்லி மத்திய கைலாஷ் வரை சிரித்திருப்பாய்.

நாற்காலியை ஏன் அனுப்பினேன் என்று சொல்லிவிடுகிறேன். நீ போன பிறகு இந்த ராஜா அண்ணாமலைபுரம் வீட்டில் நான் ஒருத்திதான். என் மகன் பெங்களூருக்கு வந்துவிடச் சொல்கிறான். ஞாயிற்றுக்கிழமை வண்டியோடு வருகிறான். எனக்குப் போக இஷ்டமில்லை. அதை இரண்டு மாதமாக உன் படத்திடம் தினமும் சொல்லிக்கொண்டிருக்கிறேன். அவன் கேட்டால் மட்டும் "பாப்போம்" என்கிறேன். அவன் அதைச் சரி என்று எடுத்துக்கொண்டு, ஒவ்வொரு சாமானாகக் காலி செய்யச் சொல்கிறான். முதலில் உன் நாற்காலி போயிற்று.

டிக்கி என்றால் இன்றைக்கு எல்லோருக்கும் சாமான் போடும் இடம்தான். கார் டிக்கியில் பெட்டி, ஸ்கூட்டர் டிக்கியில் மழைக்கோட்டு, ஆட்டோவில் சீட்டுக்குப் பின்னால் காய்கறிப் பை, வெளியூர் பஸ்ஸின் வயிற்றில் கல்யாணச் சீர்வரிசை. கடைப் பையன்கள் "டிக்கில ஒண்ணு வுட்டேன்னா" என்று ஒருவனை ஒருவன் மிரட்டும்போது அது வேறு ஓர் இடத்தைக் குறிக்கும் என்பதும் நமக்குத் தெரியும். நீ அதைக் கேட்டால் காது கேட்காதவள் மாதிரி முகத்தைத் திருப்பிக்கொண்டு சிரிப்பாய். அது ஒரு காலத்தில் மனிதர் உட்காரும் இருக்கையின் பெயர் என்று சொன்னால் என் மகனே நம்பவில்லை.

அப்போது தி.நகரில் நம் ஜவுளிக்கடை, கடைக்குப் பின்னாலேயே வீடு. மூத்த மருமகளாக நீ வந்து நாலைந்து வருஷம் கழித்து இளையவளாக நான் வந்தேன். நம் மாமனார் ஒரு பழைய கார் வைத்திருந்தார். ஊர் திரும்பிய வெள்ளைக்காரர் ஒருவர் விற்றுவிட்டுப் போய், நாலு கை மாறி வந்த வண்டி. இரண்டே கதவு, உள்ளே ஒரே நீளச் சீட்டு. பின்னால் ஆமை முதுகு மாதிரி ஒரு மூடி. கைப்பிடியைத் திருகி இழுத்தால் மூடி பின்பக்கமாகச் சாய்ந்து முதுகுச் சாய்மானமாகிவிடும். உள்ளே மடங்கிக் கிடக்கும் தோல் மெத்தை இரண்டு பேருக்கு விரியும். மேலே கூரை கிடையாது. அதற்குப் பெயர்தான் டிக்கி.

வெள்ளிக்கிழமை சாயங்காலம் மயிலாப்பூர் கோயிலுக்குப் போவோம். மாமா ஓட்டுவார், பக்கத்தில் அத்தை. நம் வீட்டுக்காரர்கள் இரண்டு பேரும் கடையில். நீயும் நானும் டிக்கியில். மட்கார்டில் ஒரு கால், மேலே இன்னொரு கால் என்று சேலை நலுங்காமல் அதில் ஏறுவதே ஒரு வித்தை. முதல் நாள் நான் ஏறத் தெரியாமல் நின்றபோது, வண்டியைப் பழுது பார்க்க வந்திருந்த மெக்கானிக் விளக்கம் வேறு சொன்னார்.

"வெள்ளக்காரன் வூட்ல வேலக்காரங்கோ குந்திக்கினு போற சீட்டுமா இது. தொரையும் தொரசானியும் உள்ள குந்திக்குவாங்கோ."

நீ மேலே இருந்துகொண்டே, "அப்ப நம்மளச் சரியான எடத்துலதான் உக்கார வச்சிருக்காக, ஏறு" என்றாய்.

ஆனால் அந்த வீட்டில் நமக்கென்று கிடைத்த ஒரே இடம் அதுதான். வீட்டில் சுவருக்கும் காது உண்டு. சமையலறையில் அத்தை முக்காலியைப் போட்டு உட்கார்ந்திருப்பார். அரிசி, எண்ணெய், பேச்சு எல்லாம் அவர் அளந்துதான் வரும். அதனால்தானே துணி அளக்கும் கஜக்கோலின் பெயரை நீ அவருக்கு வைத்தாய். ஆளும் அப்படியே நெடுநெடுவென்று இருப்பார். வீட்டில் உன்னை நான் 'நீங்க' என்பேன். டிக்கியில் ஏறி வண்டி தெரு முனை திரும்பியதும் 'நீ' ஆகிவிடும். கோயில் வாசலில் இறங்கும்போது மறுபடியும் 'நீங்க'. நாம் பேசி வைத்துக்கொண்டு செய்ததில்லை, தானாகவே அப்படி வந்தது.

என்னவெல்லாம் பேசினோம், அக்கா. நந்தனம் பக்கம் சைக்கிளில் வரும் பையன்கள் நம்மைப் பார்த்துக் கத்துவார்கள், நீ அவர்களுக்குப் பெரிய மனுஷி மாதிரி தலையை ஆட்டுவாய். அத்தை தேங்காய் மூடியைத் தட்டிப் பார்க்கிற தினுசை அப்படியே செய்து காட்டுவாய். எஞ்சின் சத்தத்தில் நமக்கே நம் குரல் கேட்காது. அதனால் கத்தித்தான் பேசுவோம். மழை வந்தால் ஒரே குடைக்குள் ஒண்டிக்கொண்டு, நனைந்தபடியே கத்துவோம். வீட்டில் வாய்க்குப் பூட்டுப் போட்டிருந்த இரண்டு பேர், நடுரோட்டில் ஊருக்கே கேட்கும்படி ரகசியம் பேசிக்கொண்டு போனோம்.

நான் உன்னிடம் மட்டும் ஒன்று சொன்னேன். எனக்குக் கடையில் உட்கார வேண்டும். என் அப்பாவின் கடையில் வளர்ந்தவள் நான். துணியை விரலில் உருட்டிப் பார்த்தால் சாயம் நிற்குமா நிற்காதா என்று தெரியும். நம் கடைக்கு வரும் பெண்கள் உள்பாவாடைக்கு அளவு சொல்லக் கூச்சப்பட்டு, "வீட்டுல கேட்டுட்டு வாரோம்" என்று திரும்பிப் போவதை வீட்டு ஜன்னலிலிருந்து பார்த்துக்கொண்டிருந்தேன். ஒரு பொம்பளை அங்கே நின்றால் போதும். ஆனால் மருமகள் கடையில் உட்காருவதாவது? நீ அன்று சிரிக்கவில்லை. லஸ் திரும்பும் வரை யோசித்துவிட்டு, "கேக்கணும்ட்டி, எப்பவாவது கேட்டுறணும்" என்றாய். ஒவ்வொரு வெள்ளியும் கேட்டாயா என்பாய். இன்னும் இல்லை என்பேன்.

அப்புறம்தான் அது நடந்தது. வியாபாரம் கூடியது. சௌகார்பேட்டையிலிருந்து மூட்டை கொண்டுவர வண்டி வேண்டும் என்று மாமா அந்த மெக்கானிக்கை வரவழைத்தார். அவர் தோல் மெத்தையைக் கழற்றினார், கீழே இருந்த கீலை மேலே மாற்றினார். மூடி இப்போது மேல்பக்கமாகத் திறந்தது. உள்ளே துணி மூட்டை போயிற்று. சீட்டுப் போன பிறகும் எல்லோரும் அதை டிக்கி என்றுதான் சொன்னார்கள். மெத்தையைப் பரணில் தூக்கிப் போடும்போது நீ பாத்திரம் துலக்கிக்கொண்டே பார்த்தாய். அன்று ராத்திரி நீ சரியாகச் சாப்பிடவில்லை.

முன் சீட்டில் மூன்று பேருக்கு மேல் இடமில்லை. ஒரு வெள்ளி நீ, ஒரு வெள்ளி நான் என்று ஆயிற்று. நாள் முழுக்க ஒரே அடுப்படியில் நின்றும் நமக்குள் பேச்சு நின்றுபோனது. "உப்பு எடுங்க", "இந்தாங்க", அவ்வளவுதான். எனக்கு அப்போது வந்த துக்கம் கல்யாணமாகி வீட்டை விட்டு வந்த அன்றுகூட வரவில்லை. கடை ஆசையையும் மனதுக்குள்ளேயே மூட்டை கட்டி வைத்துவிட்டேன்.

என் முறை வந்த ஒரு வெள்ளிக்கிழமை. அத்தைக்கும் கதவுக்கும் நடுவில் ஒடுங்கி உட்கார்ந்திருந்தேன். மயிலாப்பூர் குளம் வந்தபோது அத்தை பெருமூச்சு விட்டார்.

"ஏங்க, அந்த சீட்டத் திரும்ப மாட்டிப்போடுங்க."

மாமா, "எதுக்கு?" என்றார்.

"பின்னால இதுக ரெண்டும் பேசிட்டு வாரதக் கேக்காம எனக்கு வண்டியில தூக்கந் தூக்கமா வருது."

நான் சட்டென்று பின்னால் திரும்பிப் பார்த்தேன். அத்தையின் தலைக்குப் பின்னால் ஒரு சின்னக் கண்ணாடி ஜன்னல் உண்டு, காற்றுக்காகக் கீழே இறக்கி வைத்திருப்பார். காற்றுக்காக என்று நாம் நினைத்தோம். பூனை கண்ணை மூடிக்கொண்டால் உலகம் இருண்டுவிடுமா? அத்தனை வெள்ளிக்கிழமையும் அத்தை கேட்டுக்கொண்டே வந்திருக்கிறார்.

வீட்டுக்கு வந்ததும் துவைக்கிற கல் பக்கம் உன்னை இழுத்துக்கொண்டுபோய்ச் சொன்னேன். உனக்குக் கண் விரிந்தது. நீயும் பயப்படுவாய் என்று நினைத்தேன். நீ ஈரக் கையைச் சேலையில் துடைத்துக்கொண்டு, "எல்லாமே தெரியுமா? அப்ப இனி பயந்து என்ன ஆவப்போவுது" என்று என் கையைப் பிடித்து நேராக அடுப்படிக்குக் கூட்டிப்போனாய்.

"அத்தை, நாங்க பேசுனது எல்லாமா கேட்டிச்சு?"

அத்தை பயறு புடைத்துக்கொண்டிருந்தார். நிமிரவில்லை.

"காத்து எதுக்க அடிச்சா பாதிதான் கேக்கும். மீதிய நானே போட்டு நெரப்பிக்கிடுவேன்."

"கஜக்கோலு..." என்று நீ இழுத்தாய்.

"அதுவும் கேட்டிச்சு. தேங்கா தட்டுனத ஜன்னல் வழியாப் பாத்தேன். நான் அப்படியா தட்டுதேன்? கொஞ்சம் கூடத்தான் செஞ்ச." அப்புறம் என் பக்கம் திரும்பினார். "நீ கடையில உக்காரணும்னு உசுர விடுத. என்கிட்ட ஏன் சொல்லல?"

"பயம் அத்தை."

"என்னையப் பத்தி அம்புட்டும் பேசத் தெரியுது, என்கிட்டப் பேசத்தான் பயமா? வண்டியில நீ, வீட்டுல நீங்க. நல்லா இருக்குட்டி ஒங்க நியாயம். போ, மாமாகிட்ட நீயே சொல்லு. நான் சொல்ல மாட்டேன்."

நான் சொன்னேன். அன்று ராத்திரி மாமா சாப்பிட்டுக்கொண்டிருந்தபோது, எஞ்சின் சத்தத்தில் பேசிப் பழகிய குரலில் சொன்னேன் போலிருக்கிறது, அவர் திடுக்கிட்டு நிமிர்ந்தார். உள்பாவாடை விஷயத்தைச் சொன்னபோது அவருக்கு முகம் சிவந்து, மோரை இன்னும் கொஞ்சம் ஊற்றச் சொன்னார். சாப்பிட்டு முடித்துக் கை கழுவிக்கொண்டே, "மத்தியானத்துக்கு மேல வேணா வந்து பாரு" என்றார். "ஆனா அடுப்ப யாரு பாக்குறது?"

"நான் பாத்துக்கிடுதேன் மாமா" என்று நீ சொன்னாய். கேள்வி முடியும் முன்பே சொன்னாய்.

அப்படித்தான் நான் கடைக்குப் போனேன். சாயங்காலத்து இட்லி, இரவுச் சமையல், என் பிள்ளைக்குச் சோறு ஊட்டுவது எல்லாம் உன் கையில் போயிற்று. உனக்கும் கடைக்கு வர ஆசை இருக்கிறதா என்று ஒரு தடவை கேட்டேன். "எனக்கெதுக்கு? நீ வந்து சொல்லுத கதையே போதும்" என்றாய். ராத்திரி கடை மூடி வந்ததும் அத்தை ஒரு பக்கம், நீ ஒரு பக்கம், நடுவில் நான். எந்த வீட்டம்மா எந்தச் சேலையை எடுத்துவிட்டு வீட்டுக்காரரிடம் என்ன விலை சொல்லப்போகிறாள் என்று மூன்று பேரும் சிரிப்போம். அந்தத் தோல் மெத்தை பரணில் கிடந்து எலி கடித்து வீணானது. அதை மாட்டச் சொல்லி மாமாவிடம் கேட்க வேண்டும் என்று நம் இரண்டு பேருக்குமே தோன்றவில்லை. உன்னை எல்லோர் முன்னாலும் நீ என்று கூப்பிட ஆரம்பித்திருந்தேன்.

பெரியவர்கள் போனார்கள், பிறகு நம் வீட்டுக்காரர்கள் போனார்கள். பிள்ளைகள் பெரிய கடையாக்கி, பெங்களூரிலும் ஒன்று திறந்து, அவர்கள் பாட்டுக்கு இருந்தார்கள். நீயும் நானும் இந்தச் சின்ன வீட்டுக்கு வந்தோம். நன்றாகத்தான் வாழ்ந்தோம், அக்கா. கடைசி வருஷம்கூட, பெசன்ட் நகர் கடற்கரைக்கு உன்னைத் தள்ளிக்கொண்டுபோனால் மாங்காய் பத்தைக்கு மிளகாய்ப்பொடி போதாது என்று சண்டை பிடித்தாய். நீ இருந்த வீட்டுக்கு மருமகளாக வந்தது என் வாழ்க்கையின் பெரிய அதிர்ஷ்டம். இதை உன் முகத்துக்கு நேரே சொல்லியும் இருக்கிறேன். "அதுக்கென்ன இப்ப?" என்று கேட்டாய்.

திருவான்மியூரிலிருந்து திரும்பி வந்து பூட்டைத் திறந்தேன். நாற்காலி நின்ற மூலை காலியாக இருந்தது. வழக்கம்போல் உன் படத்தின் முன்னால் நின்று, "எனக்குப் பெங்களூர் வேண்டாம் அக்கா" என்று ஆரம்பித்தேன். டிக்கியில் வெள்ளிக்கிழமைதோறும் கேட்பது போல், 'கேட்டாயா?' என்று நீ அதட்டியது போல் இருந்தது. நின்ற இடத்திலேயே மகனுக்குப் போன் போட்டேன்.

"நான் வரலப்பா. இங்கயே இருக்கேன். எனக்கு இந்த ஊரும் இந்த வீடும் போதும். முடியாம ஆனா அன்னைக்கு நானே கூப்பிடுதேன்."

"ஏம்மா, இத ரெண்டு மாசமா ஏன் சொல்லல?" என்றான்.

"தெனமும் சொல்லிட்டுத்தான்டா இருந்தேன். பெரியம்மாகிட்ட."

"பெரியம்மாகிட்டச் சொன்னா எனக்கு எப்படிம்மா கேக்கும்?" உன் படத்துக்குப் பூ வைத்தேனா என்றும் விசாரித்தான். உன் கையால் சோறு தின்று வளர்ந்தவன் அல்லவா.

ஞாயிற்றுக்கிழமை வருகிறான். சாமான் வண்டியை வேண்டாம் என்று சொல்லிவிடுகிறானாம். இரண்டு நாள் என்னோடு தங்கிவிட்டுப் போகிறானாம்.

உன்னிடம் சொன்னால் அவனுக்கு எப்படிக் கேட்கும் என்று அவன் கேட்டது நியாயம்தான், அக்கா. ஆனாலும் எதுவாக இருந்தாலும் உன்னிடம் ஒரு தடவை வாய்விட்டுச் சொன்ன பிறகுதான் எனக்கு மற்றவர்களிடம் சொல்லத் தைரியம் வருகிறது. அந்தப் பழக்கத்தை மட்டும் இந்த வீட்டிலிருந்து யாரும் காலி செய்ய முடியாது.