'கட்' சொன்ன பிறகு

அன்புள்ளவருக்கு,

வழக்கமாக 'மரமண்டைக்கு' என்றுதான் தொடங்குவேன். இன்று அப்படி எழுதக் கை வரவில்லை.

காட்டுப் படப்பிடிப்பிலிருந்து வரும், நீங்கள் மரமாக மாறும் காட்சிகளை எடிட் செய்துகொண்டிருக்கிறேன். முதல் வாரம், டைரக்டர் 'கட்' சொன்னதுமே மூக்கைச் சொறிந்துகொண்டு, "டீ எங்கப்பா?" என்று கத்துவீர்கள். படத்துக்கு உதவாத அந்தத் துண்டுகளைத்தான் நான் திரும்பத் திரும்பப் பார்ப்பேன்.

நேற்று வந்த காட்சியில் 'கட்' சொன்ன பிறகும் நீங்கள் அசையவில்லை. "அண்ணே, வேர் விட்டுட்டீங்களா?" என்று யாரோ சிரித்தார்கள். ஒரு எறும்பு உங்கள் திறந்த கண்மேல் ஊர்ந்து போனது, நீங்கள் இமைக்கவில்லை.

அபாரமான நடிப்பு என்கிறார் டைரக்டர். நடிப்புதானே? அதை இரண்டாம் முறை பார்க்க எனக்குத் தைரியமில்லை.

படம் எக்கேடோ கெடட்டும். அடுத்த முறை 'கட்' சொன்னதும், எனக்காக ஒரே ஒருமுறை மூக்கைச் சொறிந்துவிடுங்கள்.

காத்திருக்கும்,
உங்கள் வீட்டு எடிட்டர்