அடியில் இருந்த பிளாஸ்திரிகள்

உவரி
9.2.2024

ஃபெபி,

என் படத்தை நீ கத்தரித்துவிட்டாய். போனை எடுக்க மாட்டேன் என்கிறாய், அதனால் எழுதுகிறேன்.

கண்காட்சிக்குச் சட்டம் போடத்தானே உன்னிடம் தந்தேன்? பால் கவரையும் தீப்பெட்டி அட்டையையும் வெட்டி ஒட்டிய கடல் அப்படியே இருக்கிறது. அடியில் நாலு விரல் அகலத்துக்கு இருந்த வரிசையைத்தான் காணோம். எங்கள் கம்பெனியில் இறால் உரிக்கிறவர்கள் விரலிலிருந்து கழற்றித் தந்த பிளாஸ்திரிகள். முப்பத்தொரு பேர். ஒவ்வொன்றின் கீழும் பெயர் எழுதியிருந்தேன்.

நேற்று லீவு போட்டு, வேன் பிடித்து, எல்லாரும் கண்காட்சி பார்க்கப் பாளையங்கோட்டைக்கு வந்தோம். லூர்து மேரி அக்கா கண்ணாடியில் மூக்கை வைத்துத் தேடினாள்.

"ஏட்டி, என் விரல எங்கன ஒட்டிருக்க?"

"கடலுக்குள்ள முங்கிட்டு போலக்கா" என்றாள் பெனிஷா. எல்லாரும் சிரித்தார்கள். திரும்பி வரும்போது வேனில் லூர்து மேரி அக்கா தன் விரலையே தடவிக்கொண்டு வந்தாள்.

வினோலியா


பாளையங்கோட்டை
14.2.2024

அன்புள்ள வினோ,

ஸ்தோத்திரம். போனில் நீ கத்துவாய், அதுதான் எடுக்கவில்லை.

சட்டத்தின் அளவுக்குப் படம் அடங்கவில்லை. உண்மையையும் சொல்லிவிடுகிறேன், வாடை அடித்தது. ரத்தக்கறையைப் பார்த்தால் யாரும் கிட்டே வரமாட்டார்கள் என்று பயந்தேன். இப்போது பார், சென்னைக் கண்காட்சிக்கு உன் கடலைத்தான் எடுத்திருக்கிறார்கள். அடுத்த வெள்ளிக்கிழமை கிளம்புகிறது. பள்ளிக்கூட வேலைக்கு நடுவில் உனக்காக எத்தனை பேரிடம் பல்லைக் காட்டினேன் தெரியுமா? கொஞ்சம் பொறுத்துப் போ. கர்த்தர் உன் கைகளை ஆசீர்வதிப்பார்.

உன்
ஃபெபி


உவரி
19.2.2024

ஃபெபி,

வாடை அடிக்கத்தான் செய்யும். நாள் முழுக்க ஐஸுக்குள் கை வைத்தால் விரல் வெடிக்கும். அந்த விரலோடு வந்து, சோறு வடித்துவிட்டு, மைதாப் பசை காய்ச்சி ஏழு மாதம் ஒட்டினேன். எனக்கு யாரும் வரையச் சொல்லித்தரவில்லை. அந்த அடிவரிசைக்காகத்தான் கடலையே ஒட்டினேன்.

நீ எனக்குக் கெட்டது நினைக்கிறவள் இல்லை. உன்னோடு சண்டை போட எனக்குத் தெம்பும் இல்லை. படத்தை அனுப்பாதே. அந்த வரிசையை நானே வந்து ஒட்டித் தருகிறேன்.

வினோலியா


உவரி
4.3.2024

ஃபெபி,

பதில் இல்லை. படம் சென்னைக்குப் போய்விட்டது என்று உன் தம்பி ஹெப்ரான் சொன்னான்.

சாப்பாட்டு நேரத்தில் அக்காமார் கேட்கிறார்கள், "எப்பம்டி ஒட்டுவ?" பைய ஒட்டுவேன் என்று சொல்லிச் சொல்லி ஓய்ந்துவிட்டேன். புதுப் பிளாஸ்திரி கேட்க எனக்கு முகம் இல்லை.

வெட்டிய துண்டு எங்கே? குப்பையில் போட்டிருந்தால், போட்டேன் என்று எழுது. லூர்து மேரி அக்காவிடம் நானே சொல்லிக்கொள்கிறேன். வைத்திருந்தால் அனுப்பு.

வினோலியா