நான் அழித்த எழுத்து

மே 24, 1937. வாஷிங்டன்

நாளை தேசிய எழுத்துக்கூட்டல் போட்டி. மேடையில் பிள்ளைகள் சொல்லும் ஒவ்வோர் எழுத்தையும் நடுவர்களுக்காகத் தாளில் குறிக்கும் வேலை எனக்கு. "உன் பேச்ச வெச்சு எந்த ஊர்னே கண்டுபிடிக்க முடியலம்மா," என்றார் தலைமை நடுவர் பெம்பர்ட்டன். அதில் எனக்கு எவ்வளவு சந்தோஷம்! கென்டக்கி மலைக்காரி என்று நான் சொல்லவில்லை. கல்லூரியில் நாலு வருஷம் கண்ணாடி முன் நின்று துடைத்தெடுத்த பேச்சு.

மே 25

எழுதக் கை வரவில்லை.

மே 26

எழுதிவிடுகிறேன். கடைசி ஐந்து பேரில் ஒருத்தி ஓஃபா மல்லின்ஸ். பன்னிரண்டு வயது, எங்கள் மலைப் பெண். அவளுக்கு 'இண்டிஸ்பென்சபிள்' வந்தது. கடைசிப் பகுதியில் ஏ (a) வருமா, ஐ (i) வருமா என்பதில்தான் எல்லோரும் சறுக்குவார்கள். அவள் சறுக்கவில்லை, சரியாக ஏ-தான் சொன்னாள். ஆனால் எங்கள் பக்கத்தில் ஏ என்ற எழுத்தை வாயை அகட்டி ஐ மாதிரிதான் சொல்வோம். ஐ-யை ஆ என்று இழுப்போம். அதே வார்த்தையின் முதல் எழுத்தான ஐ-யை அவள் அப்படித்தான் ஆ என்று இழுத்தாள்; அப்படியானால் ஐ மாதிரி கேட்டது ஏ-தான். நான் ஏ என்றே குறித்தேன்.

"ஐ-ன்னு சொல்லிடுச்சே," என்றார் பெம்பர்ட்டன்.

பக்கத்து நடுவர் சிரித்தார். "மலைக்காரங்க சார். வாயில களிய வெச்சுக்கிட்டே பேசுவாங்க."

"நீ என்னம்மா குறிச்சிருக்கே?"

'எங்க ஊர்ல இப்படித்தான் சொல்வோம்.' அவ்வளவு சொன்னால் போதும். ஆனால் அந்த 'எங்க'வைச் சொன்னால் நான் யாரென்று தெரிந்துவிடும். மேசைக்கடியில் ஏ-யை அழித்தேன், ஐ எழுதினேன், தாளை நீட்டினேன். தாளில் ஐ என்று இருப்பதாக அறிவித்து, தப்பு என்று மணி அடித்தார்கள். அவள் இறங்கிப் போனாள்.

எத்தனை நாவல்களில், சொந்த ஊரையே மறைக்கும் இப்படிப்பட்டவர்களை வெறுத்திருக்கிறேன்.

மே 27

ஓட்டல் வாசலில் ஓஃபா, அவள் அப்பாவோடு. ஊருக்குக் கிளம்பிக்கொண்டிருந்தார்கள்.

"நான் ஏ-ன்னுதான் சொன்னதா நெனச்சேன் மிஸ். ஆனா நீங்க எழுதி வெச்சிருக்கீங்களே. எனக்குத்தான் நாக்கு பொரண்டிருக்கும்."

"விடு குட்டி," என்றார் அப்பா, தொப்பியைக் கையில் வைத்துக்கொண்டு. "படிச்சவங்க தப்பா எழுதுவாங்களா?"

பத்திரமாகப் போய்வாருங்கள் என்றேன் — அந்தத் துடைத்த பேச்சில்.

என்னடி பண்ணிட்ட நீ? தன் வாயில வந்ததையே அவ நம்பாம பண்ணிட்டியே.

ஜூன் 2

பெம்பர்ட்டனுக்கு நடந்ததையெல்லாம் எழுதிப் போட்டேன். ஓஃபாவுக்கும். இரண்டிலும் என் ஊர்ப் பெயரோடு.

ஜூன் 11

பெம்பர்ட்டன் பதில்: முடிவு மாறாது. அடுத்த வருஷம் நான் வரவேண்டியதில்லை.

ஜூன் 19

மலையிலிருந்து கடிதம். அப்பா சொல்லச் சொல்ல ஓஃபா எழுதியது.

"எனக்கு எழுத்து தெரியாது. உங்க கடுதாசிய மகதான் வாசிச்சா. இன்னொரு தரம் வாசிக்கச் சொன்னேன், சத்தமா வாசிச்சா. ஊருக்கு வந்ததுலேர்ந்து புத்தகத்தையே தொடாம இருந்தவ. நேத்து எடுத்துட்டா. நீங்க நம்ம பக்கம்னு அன்னைக்கே தெரிஞ்சிருந்தா, யார் வீட்டுப் பொண்ணும்மா நீன்னு கேட்டிருப்பேன்."

மன்னித்தோம் என்று ஒரு வரி இல்லை. எழுத்துப்பிழையும் ஒன்றுகூட இல்லை.