நடைபாதையில் விழுந்தவர்

லெனின்கிராத், மார்ச் 1974

அன்புள்ள அம்மா,

உன் முழங்கால் வலி குறைந்ததா? நான் நலம், நேரத்துக்குச் சாப்பிடுகிறேன். இதைப் படித்துவிட்டுப் பயந்துவிடாதே.

யாரோடும் ஒட்டாமல் வாழும் ஒரு குமாஸ்தாவைப் பற்றிய பழைய குறுநாவலைப் படமாக்குகிறோம் என்று சொன்னேன் அல்லவா? நேற்று, கூட்டத்துக்கு நடுவே அவன் தனியாக நடக்கும் காட்சி. நிஜக் கூட்டம் வேண்டுமென்று கேமராவை வேனுக்குள் ஒளித்துவைத்திருந்தோம். கதாநாயகனாக நடிக்கும் அர்காதி பாவ்லிச் நடந்து வந்தவர், திடீரென்று பனியில் சாய்ந்தார். ஜனங்கள் அவரைச் சுற்றிக்கொண்டு போனார்கள்.

"அடடா, என்ன நடிப்புய்யா! நிறுத்தாதே, ஓட்டு!" என்றார் இயக்குநர். உடைகளுக்குப் பொறுப்பான நானோ, கோட்டு நனைகிறதே என்றுதான் நினைத்தேன்.

ஒரு பெண்மணி மட்டும் முட்டைக்கோஸ் பையைக் கீழே போட்டுவிட்டு மண்டியிட்டாள்.

"இந்தாளுக்குப் பேச்சு மூச்சில்லய்யா! கண்ணு அவிஞ்சா போச்சு உங்களுக்கெல்லாம்?"

"யாரும்மா அது, ஷாட்டைக் கெடுக்கறது?" என்று இயக்குநர் இறங்கி ஓடினார். பின்னால் நானும் ஓடினேன். அர்காதி பாவ்லிச்சின் உதடுகள் நீலம் பாரித்திருந்தன.

இதயம்தான். பிழைத்துவிட்டார். ஆனால் ஆஸ்பத்திரியில், "இவரோட வீட்ல யாருக்குச் சொல்லணும்?" என்று கேட்டபோது எங்களில் ஒருவருக்கும் தெரியவில்லை.

கம்பளிக் காலுறை ஒரு ஜோடி அனுப்பு. அதோடு ஒரு சின்னத் துணியில் உன் பெயரையும் நம் வீட்டு விலாசத்தையும் தைத்து அனுப்பு. நானே தைக்கலாம்தான், உன் கையால் வேண்டும். என் கோட்டின் உள்பக்கம் வைத்துக்கொள்கிறேன்.

கீழே வேன் ஹாரன் அடிக்கிறது. ஓடுகிறேன்.

உன் தாஸ்யா