இரண்டு மதியச் சாப்பாடு

சிட்டுவின் அப்பாவுக்கு,

நலமாக இருப்பீர்கள் என்று நம்புகிறேன். வக்கீல் மூலம் வராமல் கடிதம் நேராக வருகிறதே என்று மிரள வேண்டாம். இது நோட்டீஸ் இல்லை.

சிட்டு இப்போது நன்றாக இருக்கிறாள், முதலில் அதைச் சொல்லிவிடுகிறேன். போன சனிக்கிழமை உங்களைப் பார்த்துவிட்டு வந்ததும் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சுருண்டுவிட்டாள். ஒரே வாந்தி. கண்ட கடையில் கண்டதை வாங்கிக் கொடுத்திருப்பீர்கள் என்று உங்களை வாய்க்கு வந்தபடி திட்டித் தீர்த்தேன். டாக்டரம்மா அவளைத் தனியாக உட்காரவைத்துப் பேசியபோதுதான் விஷயம் வெளியே வந்தது.

அங்கே நேரத்துக்குச் சாப்பாடு கிடைக்குமோ என்னவோ என்று நான் ஊட்டி அனுப்புகிறேன். இவள் எங்கே ஊட்டியிருக்கப் போகிறாள் என்று நீங்கள் டிபன் டப்பாவைத் திறக்கிறீர்கள். கோர்ட்டில் பிள்ளையைப் பார்க்க விடும் அறை வாசலில், ஒருவர் முகம் ஒருவர் பார்க்காமல் அங்கிருக்கும் ஆயா கையில் கொடுத்து ஆயா கையில் வாங்குகிற நமக்கு இது எப்படித் தெரியும்? சிட்டுவும் இரண்டு தடவை சாப்பிட்டதைப் பற்றி மூச்சு விடவில்லை. "அம்மா ஊட்டிட்டாங்கன்னு சொன்னா அப்பா முகம் வாடிடும். வேணாம்னு சொன்னா எனக்கு அப்பாவைப் பிடிக்கலைன்னு ஜட்ஜ் எழுதிடுவாரு" என்று டாக்டரம்மாவிடம் சொல்லியிருக்கிறாள். எனக்கு அழுகை வந்துவிட்டது.

என் வக்கீல் குதிக்காத குறை. "இது போதும்மா, அப்பா பார்க்கவே கூடாதுன்னு மனு போட்டுடலாம்" என்றார். முடியாது என்றேன். பாதிச் சாப்பாடு நான் போட்டதுதானே சார் என்று கேட்டேன். அவர் முகம் தொங்கிப்போய்விட்டது.

உடனே நான் இறங்கி வந்துவிட்டதாகக் கணக்குப் போடாதீர்கள். சிட்டு என்னோடுதான் இருக்க வேண்டும். கடைசிவரை அதைத்தான் கேட்பேன், ஓர் அடிகூடப் பின்வாங்க மாட்டேன். நீங்களும் விடமாட்டீர்கள். உங்கள் பிடிவாதத்தோடு குடித்தனம் நடத்தியவளுக்கு அது தெரியாதா?

ஆனால் வரும் சனிக்கிழமை அவளை ஆயாவிடம் விட்டுவிட்டுத் திரும்பப் போவதில்லை. தையல் கூடத்தில் லீவு சொல்லிவிட்டேன். அவள் கையைப் பிடித்துக்கொண்டு உள்ளே வருவேன். "சாப்பிட்டுட்டா, மறுபடியும் ஊட்டாதீங்க" என்று உங்கள் முகத்தைப் பார்த்தே சொல்வேன். நீங்கள் ஜன்னல் பக்கம் திரும்பிக்கொள்ளக் கூடாது. அவள் பார்க்க ஒரு வார்த்தை பதில் சொல்லுங்கள். 'சரி' என்றாலும் போதும். அம்மாவும் அப்பாவும் பேசிக்கொள்வார்கள் என்று அவளுக்குத் தெரியட்டும்.

வழக்கில் யார் வேண்டுமானாலும் ஜெயிக்கட்டும். பசிக்கவில்லை என்று சொல்ல அந்தப் பிள்ளை நம் இரண்டு பேருக்கும் பயப்படக் கூடாது.

ரயிலில் பத்திரமாக வாருங்கள். வரும் வழியில் நீங்களும் ஏதாவது சாப்பிட்டுவிடுங்கள். நீங்கள் பட்டினியாக உட்கார்ந்திருந்தால், துணைக்கு அவளும் மறுபடி சாப்பிட உட்கார்ந்துவிடுவாள்.

இப்படிக்கு,
சிட்டுவின் அம்மா