மீல்மேக்கர் நூடுல்ஸ்

அன்பான பொய்க்காரனுக்கு,

நீ குளித்து வருவதற்குள் எழுதுகிறேன். உன் அம்மா பக்கத்திலேயே இருப்பதால் வாயால் பேச முடியாது. கம்பெனியில் டிபன் டப்பாவைத் திறந்ததும் முதலில் இதைப் படி.

கால் மணி நேரச் சமையல். மாட்டுக்கறியை மெல்லிசாக அரிந்து, இஞ்சி பூண்டு, சோயா சாஸோடு பெரிய தீயில் புரட்டி, வெந்த நூடுல்ஸைக் கொட்டினால் ஆயிற்று. அதற்குள் ஏம்பலத்திலிருந்து அத்தை வந்து நின்றார்கள். "மீல்மேக்கர்மா" என்று சொல்லிவிட்டுக் குளிக்க ஓடிவிட்டாய். ஞாயிறு பூசை முடிந்து நான் சாப்பிட்டு வளர்ந்த கறி அது. கல்யாணமாகி மூன்று வருடமாக அதை உன் அம்மாவிடமிருந்து ஒளித்துக்கொண்டே இருக்கிறாய்.

அத்தை வாணலியை எட்டிப் பார்த்தார்கள்.

"மீல்மேக்கருக்கு ஏதுடி கொழுப்பு?"

அவசரமாக மூடியைப் போட்டேன். அவர்களோ முட்டைக்கோஸை எடுத்து அரிய உட்கார்ந்துவிட்டார்கள்.

"எனக்கு வேணாம், ரெண்டு இட்லி போதும். நீ துன்னு, அவனுக்கும் கட்டு. எனக்குத் தெரியும்னு மட்டும் சொல்லாத, பயந்துக்குவான்."

இதோ, உன்னிடம் சொல்லிவிட்டேன். சாயந்திரம் வந்து நீயே அவர்களிடம் உண்மையைச் சொல். சொல்லாவிட்டால் நாளையிலிருந்து டப்பாவில் நிஜமான மீல்மேக்கர்தான்.

இப்படிக்கு,
இப்போதைக்கு உன் அம்மாவின் மருமகள் மட்டும்.