அக்ஸோரியஸ் சிவக்குமார்

அன்பு மகன் அழகுராஜாவுக்கு அம்மா எழுதிக்கொள்வது. அந்தக் குளிர் ஊரில் நீயும் பவதாரிணியும் ஒரு குறையும் இல்லாமல் இருக்க மீனாட்சியம்மாவை வேண்டிக்கொள்கிறேன். இங்கே திருநகரில் எங்கள் இருவருக்கும் உடம்பு சுகம்தான், என் பிரஷரும் அப்பாவின் சர்க்கரையும் சொன்ன பேச்சைக் கேட்கின்றன. கேட்காதது உன் அப்பா மட்டும்தான். இந்தக் காலத்தில் யார் கடிதம் எழுதுகிறார்கள் என்று நீ சிரிப்பாய். வீடியோவில் பேசினால் அவர் பக்கத்திலேயே உட்கார்ந்திருக்கிறார், வாட்ஸ்அப்பில் எனக்குக் குரூப்பில்தான் அனுப்பத் தெரியும், அங்கே குரல் அனுப்பினால் சொந்தக்காரர்கள் அத்தனை பேரும் கேட்பார்கள், அதனால் பருப்புப் பொடி பார்சலுக்குள் இதை மடித்து வைக்கிறேன். இரண்டு வாரம் முன்னால் ஞாயிற்றுக்கிழமை, அப்பா ஏன் உம்மென்று இருக்கிறார் என்று நீ கேட்டாய், பல்வலி என்று நான் சொன்னேன். அது பொய். பல்லெல்லாம் நன்றாகத்தான் இருக்கிறது, காரணம் நீதான்.

எங்களுடைய முப்பத்தைந்தாவது கல்யாண நாளுக்குக் குடும்ப குரூப்பில் இங்கிலீஷில் வாழ்த்துப் போட்டாய் இல்லையா, அதில் என் அக்ஸோரியஸ் அப்பாவுக்கு என்று எழுதியிருந்தாய். அதற்கு என்ன அர்த்தம் என்று குரூப்பில் ஒருத்தருக்கும் தெரியாது. தெரியாத வார்த்தை என்றால் அது பெரிய வார்த்தை என்பது நம் ஊர் வழக்கம், எல்லோரும் கும்பிடு போட்டார்கள், இதயம் போட்டார்கள், நானும் போட்டேன். அதோடு நின்றிருந்தால் பரவாயில்லை. நம் வொர்க்‌ஷாப்பில் இருபது வருடமாக மோட்டாருக்குக் காயில் கட்டும் சோணை அதைப் பார்த்துவிட்டு, அண்ணே, ஊர்ல அவனவன் பேருக்கு முன்னால என்னென்னமோ போட்டுக்கிறான், ஒங்களுக்கு ஒங்க மகனே பட்டம் குடுத்துருக்காப்ல, சும்மா விடலாமா என்று கேட்டு, மறுநாளே கடைக்குப் பக்கத்தில் அவனியாபுரம் ஷேர் ஆட்டோ ஸ்டாண்டுக்கு எதிரே பத்தடி உயரத்தில் ஒரு பிளக்ஸ் கட்டிவிட்டான். அப்பா கறுப்புக் கண்ணாடி போட்டு நிற்கிறார், பின்னால் ஒரு அருவி கொட்டுகிறது, பக்கத்தில் அரை ஆள் உயரத்துக்கு நான் நிற்கிறேன், மேலே தங்க எழுத்தில் அக்ஸோரியஸ் சிவக்குமார் என்று போட்டிருக்கிறது. மூன்று நாள் உன் அப்பாவைப் பிடிக்க முடியவில்லை. ஆட்டோக்காரர்கள் வாங்க அக்ஸோரியஸ் அண்ணே என்று கூப்பிடுவதும், இவர் கிரீஸ் கையைத் துடைத்துக்கொண்டு வணக்கம் வைப்பதும், வொர்க்‌ஷாப்புக்கு இஸ்திரி போட்ட சட்டையோடு போவதும், என்ன சொல்வது போ.

நாலாம் நாள் எழுமலையிலிருந்து உன் மாமன் குரல் அனுப்பினான். என் அண்ணன் சின்னக்கருப்பனைத்தான் உனக்குத் தெரியுமே, வாயை வைத்துக்கொண்டு சும்மா இருக்கமாட்டான். அந்த வார்த்தையை போனில் போட்டு அர்த்தம் பார்த்திருக்கிறான். பொண்டாட்டி மேல் அளவுக்கு மீறிப் பிரியம் வைத்தவன், பொண்டாட்டிக்கு அடங்கினவன் என்று வந்திருக்கிறது. உடனே குரூப்பிலேயே, மாப்ள, நாங்க அம்புட்டுப் பேரும் தமிழ்ல சொன்னத ஒங்க மகன் இங்கிலீசுல சொல்லிட்டான், அதையும் நீங்க பிளக்ஸ் அடிச்சு வச்சுட்டீங்க என்று சொல்லி ஒரு நிமிஷம் சிரித்திருக்கிறான். அப்பா அதை என் பக்கத்தில் உட்கார்ந்துதான் கேட்டார். போனைக் கவிழ்த்து வைத்துவிட்டுச் சட்டையைக் கழற்றி மடித்தார்.

அன்றிலிருந்து அவர் கண்டிப்பான புருஷனாகிவிட்டார். கேள் இந்தக் கூத்தை. காலையில் டீ போடுவதில்லை. நாற்காலியில் சாய்ந்து உட்கார்ந்து பேப்பரை விரித்துக்கொண்டு, தண்ணி கொண்டா என்கிறார், நான் முட்டியைப் பிடித்துக்கொண்டு எழுந்திருப்பதற்குள் அவரே போய் மொண்டு குடித்துவிட்டு வந்து உட்கார்ந்துகொள்கிறார். காய் வாங்கப் போனால் எனக்குப் பத்தடி முன்னால் நடக்கிறார், ரோட்டைக் கடக்கும் இடம் வந்தால் மட்டும் செருப்பு வார் அறுந்தது போலக் குனிந்து நின்றுகொள்கிறார், நான் வந்து சேர்ந்ததும் மறுபடி விறுவிறுவென்று முன்னால் போகிறார். ஒருநாள் என்னை ஏய் என்று கூப்பிட்டார். முப்பத்தைந்து வருடத்தில் முதல் ஏய். எதிர்வீட்டு நாய்தான் திரும்பிப் பார்த்தது. எனக்குச் சிரிப்பு அடக்க முடியவில்லை, ஆனால் அவர் ராத்திரிச் சோற்றை மௌனமாகச் சாப்பிட்டு எழுந்தபோது சிரிப்பு நின்றுவிட்டது. இந்த வீட்டில் இத்தனை வருடமாக அவர் பேச்சைக் கேட்டுக்கொண்டுதான் நான் சாப்பிடுவேன்.

மாடியில் குடியிருக்கும் சுஃபியா டீச்சர் காலேஜில் இங்கிலீஷ் நடத்துகிறாள், அவளிடம் கேட்டேன். அக்கா, இது புத்தகத்து வார்த்தை, பேச்சில் வராது, பழைய நாவல்களில் எப்போதாவது வரும் என்றாள். லத்தீனில் மனைவியைக் குறிக்கும் சொல்லிலிருந்து வந்ததாம். பெரும்பாலும் ஒரு சின்னக் கேலியோடுதான் எழுதுவார்களாம், ஆனால் பாசமாக எழுதுகிறவர்களும் உண்டு, எழுதினவர் மனசைப் பொறுத்தது என்றாள். சரிம்மா, புருஷன் மேல் உயிராக இருக்கிற பொம்பளைக்கு என்ன சொல்வார்கள் என்று கேட்டேன். அவள், பெரிய அகராதியைத் தூசி தட்டினால் ஒன்று கிடைக்கும், யாரும் எழுதமாட்டார்கள், அதைத் தனியாகச் சொல்லணும் என்று யாருக்கும் தோணல போல என்றாள். எனக்குச் சுருக்கென்றது. பொம்பளை செய்தால் அதற்குப் புழக்கத்தில் பெயர் கிடையாது, ஆம்பிளை செய்தால் அளவு மீறிவிட்டது. இந்த அளவை எந்தப் படியில் அளந்து யார் வைத்தார்கள்? நீ அங்கே லைப்ரரி பக்கம் போனால் கேட்டுச் சொல்.

இப்போது உனக்கு இதுவரை சொல்லாத ஒன்றைச் சொல்கிறேன். உனக்கு மூன்று வயதாக இருக்கும்போது எனக்கு முதுகெலும்பில் டிபி வந்து எட்டு மாதம் படுக்கையில் கிடந்தேன், அது உனக்குத் தெரியும். அப்போது அவனியாபுரத்தில் நாலு குடித்தனத்துக்கு ஒரே குழாய். அந்தக் குழாயடியில் அத்தனை பொம்பளைகளுக்கும் நடுவில் உட்கார்ந்து உன் அப்பா என் சேலையைத் துவைத்தார். எனக்குத் தலை சீவி விட்டார், காயில் கட்டும் கை இல்லையா, கம்பியை இழுப்பது போல இழுத்து இழுத்துப் பின்னுவார், கண்ணில் தண்ணீர் வரும். அந்த வருடம் பொங்கலுக்கு வந்த உன் மாமன் அதைப் பார்த்துவிட்டுப் போய் எழுமலை முழுக்கப் பொண்டாட்டிதாசன் என்று சொல்லி வைத்தான். அதன் பிறகு எந்த விசேஷத்துக்குப் போனாலும் அந்தக் கேலிதான். அப்பா கூடச் சேர்ந்து சிரித்துவிடுவார். உனக்குச் சொல்லாதது இதுதான், நானும் சிரிப்பேன். ஒரு தடவைகூட, அண்ணே போதும் என்று நான் சொன்னதில்லை. பிறந்த வீட்டு ஆட்களுக்கு முன்னால் எனக்கு வெட்கமாக இருந்தது, புருஷன் துவைத்த சேலையைக் கட்டினவள் என்று நினைப்பார்களே என்று. சொல்லவே கூச்சமாக இருக்கிறது தம்பி, ஆனால் உண்மை அதுதான்.

போன வெள்ளிக்கிழமை எழுமலையில் உன் மாமன் பேத்திக்குக் காதுகுத்து, கிடா வெட்டு. அப்பா வரமாட்டேன் என்று சொல்லிவிட்டுக் கடைசியில் வந்தார். பந்தியில் எப்போதும் என் பக்கத்தில் உட்கார்ந்து, என் இலையில் கிடக்கும் கொழுப்புத் துண்டை எடுத்துத் தன் இலையில் போட்டுக்கொள்பவர், அன்று எதிர் வரிசையில் போய் உட்கார்ந்தார். என் பக்கத்தில் இடம் காலியாக இருந்தது. உன் மாமன் கையில் குழம்பு வாளியோடு வந்து நின்று, என்ன மாப்ள அங்கிட்டுப் போயி உக்காந்துட்டீங்க, பொண்டாட்டிகிட்ட உத்தரவு வாங்குனீங்களா என்று கத்தினான். பந்தியே சிரித்தது. அப்பாவும் சிரித்தார். அந்தச் சிரிப்பைப் பார்த்தேன், என்னால் தாங்க முடியவில்லை. எச்சில் கையோடு எழுந்து நின்றேன். அண்ணே, நான் எட்டு மாசம் கெடந்தப்ப நீங்க ஒரே ஒரு நாள் வந்தீங்க, ஆரஞ்சுப் பழத்தக் குடுத்துட்டு அடுத்த பஸ்ஸுக்குப் போயிட்டீங்க, மத்த நாளெல்லாம் என்னத் தூக்கி உக்கார வச்சவரு இவருதேன், அவரு அன்னைக்கு உங்க அளவுக்கு இருந்திருந்தா இன்னைக்கு இந்தப் பந்தில உக்கார நான் இருந்திருக்க மாட்டேன் என்று சொன்னேன். சாப்பாட்டுக்கு நடுவில் எழுந்தது தப்புதான், எழுந்துவிட்டேன். உன் அத்தை அழகம்மாள் அப்பாவுக்குப் பக்கத்தில் எனக்குப் புது இலை போட்டாள். போட்டுவிட்டுத் தன் புருஷனைப் பார்த்து, ஒங்களுக்கு இந்த இங்கிலீசுப் பட்டத்த எவனும் குடுக்கமாட்டான், கவலப்படாதீங்க, கொழம்ப ஊத்துங்க என்றாள். அதற்குப் பிறகு பந்தி சிரித்தது வேறு மாதிரிச் சிரிப்பு. பாவம் உன் மாமன், எங்கள் இரண்டு பேர் இலையிலும் குழம்பை நிறைய ஊற்றிவிட்டு, கோவிச்சுக்காத தங்கச்சி என்று சொல்லிவிட்டுப் போனான். அவன் கெட்டவன் இல்லை, யாரும் அவனைத் தடுத்ததில்லை, அவ்வளவுதான்.

திரும்பி வரும்போது திருமங்கலம் பஸ்ஸில் அப்பா ஜன்னலைப் பார்த்துக்கொண்டே வந்தார். உசிலம்பட்டி தாண்டியதும், ஒங்க அண்ணன் சொன்னதெல்லாம் எனக்குத் தூசி கனகு, நீயும் கூடச் சேந்து சிரிப்பியே, அப்பத்தேன் ஒரு மாதிரியா இருக்கும் என்றார். முப்பத்தைந்து வருடத்தில் அவர் சொன்ன ஒரே குறை. நான் பஸ் என்றும் பார்க்காமல் அழுதேன். கண்டக்டர் வந்து, என்னம்மா, டிக்கெட்டத் தொலச்சுட்டீங்களா என்று கேட்டார். அப்பா சட்டைப்பையிலிருந்து இரண்டு டிக்கெட்டையும் எடுத்துக் காட்டினார்.

இப்போது முக்கால்வாசி சரியாகிவிட்டார். என்னோடு சேர்ந்து நடக்கிறார், பேசுகிறார். பிளக்ஸை சோணை கழற்ற வந்தான், காத்துல கிழியுற வரைக்கும் இருக்கட்டும்டா என்றாராம். ஆனால் கால்வாசி பாக்கி இருக்கிறது. சாயங்காலம் வீட்டுக்கு வந்தால் போனை எடுத்து நீ எழுதிய அந்த வாழ்த்தைத் திறந்து வைத்துக்கொண்டு உட்கார்ந்திருக்கிறார். கேலியா பாசமா என்று அந்த வார்த்தையைப் பார்த்துக் கண்டுபிடிக்க முடியாது என்று சுஃபியாதான் சொல்லிவிட்டாளே. எனக்குத் தெரியும் நீ எந்த மனசில் எழுதினாய் என்று, பெற்றவளுக்குத் தெரியாதா. அவருக்கும் தெரியும். இதை எழுதிக்கொண்டிருக்கும்போது வந்து எட்டிப் பார்த்தார், யாருக்கு எழுதுற என்றார். மகனுக்கு என்றேன். நாலு பக்கமா என்றார். ஒரு வார்த்தைக்குத்தான் என்றேன். அவன் என்னைய வையறதுக்கு எழுதல, எனக்குத் தெரியும், ஆனா அவன் வாயால ஒரு தடவ சொன்னா நல்லாருக்கும் என்று சொல்லிவிட்டு வாசலுக்குப் போய்விட்டார்.

பொடியை ஈரக் கரண்டி போட்டு எடுக்காதீர்கள், நல்லெண்ணெய் தனியாக இருக்கிறது. காலையில் வெறும் காப்பியோடு ஆபீஸ் ஓடாதே, பவதாரிணிக்கு இருமல் விட்டதா என்று சொல், நீ பக்கத்தில் இருந்து கவனித்துக்கொள். நம் சாமி சோமப்ப மலையான் துணையிருக்க இருவரும் நூறு வயது ஒருவர் கையை ஒருவர் பிடித்துக்கொண்டு இருக்க வேண்டும். ஒன்றே ஒன்று மறக்காதே. நான் வாயைத் திறக்க முப்பத்தைந்து வருடம் எடுத்துக்கொண்டேன், நீ அவ்வளவு நாள் எடுத்துக்கொள்ளாதே. அவர் பெயருக்குத் தனியாக ஒரு கடிதம் எழுது. அந்த வார்த்தைக்கு நீ நினைத்த அர்த்தம் என்ன என்று எழுது. தமிழில் எழுது.

ஆசிகளுடன்
உன் அம்மா
சி. கனகலட்சுமி
திருநகர், மதுரை